டெலஸ்கோப் இல்லாம நட்சத்திரத்தோட ஸ்பெக்ட்ரம் எடுக்கறது எப்படி: புதுசா ஆரம்பிக்கறவங்களுக்கு

ஸ்பெக்ட்ரம்னாலே (ஒளியை நிறம் நிறமா பிரிச்ச பட்டை) பெரிய அப்சர்வேட்டரி, கோடிக்கணக்குல கருவின்னு நெனச்சுட்டு வானம் பாக்கற ஆளுங்க கூட பல பேர் அந்தப் பக்கமே போறதில்ல. மொட்டை மாடி, ஒரு பழைய டிஎஸ்எல்ஆர், 50 எம்எம் லென்ஸ், ஒரு ட்ரைபாட், லென்ஸ் முன்னாடி மாட்டற சின்ன கிரேட்டிங் (நெருக்கமா வரி போட்டு ஒளியைப் பிரிக்கற கண்ணாடி) ஒண்ணு, இவ்ளோ இருந்தா போதும், சிரியஸ்ல ஹைட்ரஜன் இருக்குன்னு நீங்களே படம் பிடிச்சுப் பாத்துடலாம். டெலஸ்கோப் வெச்சிருக்கறவங்க கூட இப்படி ஆரம்பிக்கறது நல்லதுன்னு தான் சொல்லுவேன், ஏன்னா டெலஸ்கோப்ல போனா ட்ராக்கிங், பேக்ஃபோகஸ், நட்சத்திரத்தை ஃபீல்டுக்குள்ள கொண்டு வர்றதுன்னு ஸ்பெக்ட்ரத்துக்குச் சம்பந்தமே இல்லாத தலைவலி நாலு சேர்ந்துக்கும்.

நான் சொல்றது எல்லாம் தமிழ்நாட்டு வானத்தை வெச்சு. யாழ்ப்பாணத்துல இருந்து பாத்தாலும் பெருசா மாறாது.

மொதல்ல வீட்டுக்குள்ளயே பழகுங்க

பழைய சிடி ஒண்ணு எடுங்க. அதுல ஒரு மில்லிமீட்டருக்கு சுமார் 625 வரி இருக்கு, அதுவே ஒரு கிரேட்டிங் தான். ராத்திரி ரூம்ல ஒரே ஒரு பல்பைப் போட்டு அதோட பிரதிபலிப்பை சிடியில சாய்ச்சுச் சாய்ச்சுப் பாருங்க. எல்இடி பல்ப்னா நீலத்துல ஒரு தூக்கல், அப்புறம் பச்சையில இருந்து சிவப்பு வரைக்கும் விட்டுப்போகாம ஒரே பட்டை. பழைய சிஎஃப்எல் சுருள் பல்ப் எங்கயாவது கெடச்சா விடாதீங்க, அதுல நிறம் எல்லாம் தனித்தனியா உடைஞ்சு நிக்கும்: பச்சையில 546 நானோமீட்டர்ல (ஒளியோட அலைநீளம், நிறத்துக்கு முகவரி மாதிரி) ஒண்ணு, நீல ஊதாவுல 436ல ஒண்ணு, ரெண்டும் பாதரசம், சிவப்புல 611 பக்கம் வர்றது யூரோப்பியம் பாஸ்பர். எந்த வாயு எந்த எடத்துல ஒளி விடும், எந்த எடத்துல ஒளியை முழுங்கிக் கருப்புக் கோடு போடும்ங்கறது மாறவே மாறாது, வீட்டு பல்பா இருந்தாலும் ஆயிரம் ஒளியாண்டு தள்ளி இருந்தாலும் அதே எடம் தான். இந்தத் துறை முழுக்க இதை நம்பித்தான் ஓடுது.

(சூரியனை மட்டும் சிடியில நேரா பிரதிபலிச்சுப் பாக்காதீங்க, கண்ணு போயிடும். பகல் வெளிச்சம் பட்ட வெள்ளைச் சுவர் போதும்.)

கிரேட்டிங் வாங்கறது

இங்க தான் நிறைய பேர் தடுமாறுவாங்க. ஸ்கூல் ப்ராஜெக்ட்டுக்கு விக்கற மில்லிமீட்டருக்கு 500 வரி, 1000 வரி ஃபிலிம் ஷீட் ரொம்ப சீப், ஆனா நட்சத்திரத்துக்கு அது சரிப்படாது. 500 வரி கிரேட்டிங்ல பச்சை ஒளி 15, 16 டிகிரி தள்ளிப் போய் விழும், 50 எம்எம் லென்ஸ்ல நட்சத்திரமும் அதோட வானவில்லும் ஒரே ஃப்ரேமுக்குள்ள அடங்கறதே கஷ்டம், அதுவும் போக இருக்கற கொஞ்ச வெளிச்சத்தை ரெண்டு பக்கமும் சமமா பிரிச்சு அனுப்பிடும். அமெச்சூர் ஆளுங்க கிட்டத்தட்ட எல்லாரும் ஆரம்பிக்கறது ஸ்டார் அனலைசர் 100ல தான். இங்கிலாந்துல பண்றாங்க, மில்லிமீட்டருக்கு 100 வரி, ஒண்ணே கால் இஞ்ச் ஃபில்டர் வளையத்துக்குள்ள உக்காந்திருக்கும், வரிகளைச் சாய்வா வெட்டியிருக்கறதால ஒரு பக்கத்து ஸ்பெக்ட்ரத்துக்கே பெரும்பகுதி வெளிச்சம் போயிடும். வெளிநாட்டுல இருந்து வரவழைச்சா கஸ்டம்ஸ் ட்யூட்டி சேரும், அதையும் கணக்குல வெச்சுக்குங்க. ஸ்டார் அனலைசர் 200னு ஒண்ணும் இருக்கு, அது டெலஸ்கோப்ல கேமராவுக்கு ரொம்பக் கிட்ட மாட்டறவங்களுக்கு வசதி, லென்ஸ்ல வேலை பண்றதுக்கு 100 தான் சரி.

லென்ஸோட ஃபில்டர் த்ரெட்ல மாட்ட ஒரு அடாப்டர் ரிங் வேணும். கிரேட்டிங்கோட கண்ணாடி சின்னது, அதனால லென்ஸை முழுசா திறந்து வெக்காதீங்க, எஃப் 2.8 இல்ல 4 வெச்சா ஓரத்துல வெட்டு விழாது, படமும் கூர்மையா வரும்.

எவ்ளோ விரியும்னு ஒரு கணக்கு

இதை மாடிக்குப் போறதுக்கு முன்னாடியே போட்டு வெச்சுக்கணும். 100 வரி கிரேட்டிங் லென்ஸ் முன்னாடி இருந்தா, கேமரா பிக்சல் அளவை மைக்ரான்ல எடுத்து 10ஆல பெருக்கி, லென்ஸோட ஃபோகல் லெங்த்தால வகுத்தா ஒரு பிக்சலுக்கு எத்தனை நானோமீட்டர்னு வந்துடும். 4.3 மைக்ரான் பிக்சல் கேமரா, 50 எம்எம் லென்ஸ்னா 43ஐ 50ஆல வகுக்கணும், 0.86. அப்போ நட்சத்திரத்தோட புள்ளியில இருந்து எண்ணினா ஹைட்ரஜன் போடற கோடுகள்ல ஹெச்-காமா 434.0 நானோமீட்டர் சுமார் 505வது பிக்சல்ல, ஹெச்-பீட்டா 486.1 சுமார் 565ல, ஹெச்-ஆல்ஃபா 656.3 சுமார் 763ல வரணும். இந்த மூணு நம்பரைப் பேப்பர்ல எழுதிப் பாக்கெட்ல போட்டுக்குங்க. 85 எம்எம் லென்ஸ் இருந்தா இன்னும் விரிஞ்சு வரும், 0.51 தான். ஆனா மொதல் ராத்திரிக்கு 50 தான் நல்லது, நட்சத்திரத்தைத் தேடிப் புடிக்கறது சுலபம்.

மாடியில செய்ய வேண்டியது

மொதல் நட்சத்திரம் கண்டிப்பா ஏ வகை தான் (வெப்பத்தை வெச்சுப் பிரிக்கற எழுத்து வகை, பின்னாடி வருது). டிசம்பர் கடைசியில இருந்து ஏப்ரல் வரைக்கும்னா சிரியஸ், நம்ம ஊர்ல தெற்கே அறுபது டிகிரிக்கு மேல உயரத்துல வரும், வானத்துலயே பிரகாசமான நட்சத்திரம், தப்பவே விடமாட்டீங்க. ஆகஸ்ட், செப்டம்பர்ல மேகம் வழி விட்டா வேகா, அதான் நம்ம அபிஜித், வடக்குப் பக்கம் அறுபது டிகிரி உயரத்துல நிக்கும். உலகத்துல எல்லாரும் வேகாவைத் தான் ரெஃபரன்ஸா எடுப்பாங்க, நமக்கு அது மழைக்காலத்துல மாட்டிக்குது, அதனால சிரியஸே போதும். திருவாதிரை செவப்பா அழகா இருக்கேன்னு அங்க மொதல்ல போயிடாதீங்க. அதுல கோடு எல்லாம் பட்டை பட்டையா ஒண்ணு மேல ஒண்ணு கிடக்கும், எது எதுன்னு தெரியாம வெறுத்துப் போயிடும். சிரியஸ்ல ஹைட்ரஜன் மட்டும் தனியா, தெளிவா, கணக்குப் போட்ட எடத்துல நிக்கும். அது மூணும் சரியா உக்கார்ற வரைக்கும் வேற நட்சத்திரம் வேண்டாம்.

இப்போ முக்கியமான விஷயம். ட்ரைபாட்ல ட்ராக்கிங் இல்ல, பூமி சுத்தறதால நட்சத்திரம் நகர்ந்துக்கிட்டே இருக்கும், படத்துல கோடா இழுக்கும். சாதாரண வானப் படத்துக்கு இது எதிரி, நமக்கு இது இலவசமா கெடச்ச உதவி. வானவில் பட்டை ஒரு பக்கமா நீண்டு இருக்கு, நட்சத்திரம் அதுக்குச் சரியா குறுக்கே நகர்ந்தா என்ன ஆகும்? நூல் மாதிரி ஒல்லியா இருக்க வேண்டிய ஸ்பெக்ட்ரம் அகலமாகி, உள்ள இருக்கற கருப்புக் கோடுகள் கண்ணுக்கே தெரியும். அதே நேரம் நட்சத்திரம் பட்டையோட நீளத்துலயே நகர்ந்துச்சுன்னா எல்லாக் கோடும் அழிஞ்சு வெறும் வானவில் தான் மிஞ்சும்.

அதனால மொதல்ல ஒரு 30 செகண்ட் சும்மா எடுங்க. ஸ்டார் எந்தப் பக்கம் இழுத்திருக்குன்னு பாருங்க. அப்புறம் கிரேட்டிங்கைத் த்ரெட்ல கொஞ்சம் கொஞ்சமா திருப்பித் திருப்பி, அந்த இழுப்புக்கு வானவில் நேர் குறுக்கா வர்ற வரைக்கும் எடுத்துப் பாத்துக்கிட்டே இருங்க. வந்ததும் செல்லோ டேப் போட்டு ஒட்டிடுங்க, அடுத்து மறுபடி கழட்டற வரைக்கும் அது நகரவே கூடாது. 50 எம்எம்ல சிரியஸ் 20 செகண்டுக்கு சுமார் 16 பிக்சல் நகரும், அது தாராளம்.

இதுல இன்னொண்ணு கவனிங்க, ஷட்டரை இன்னும் நேரம் திறந்து வெச்சா படம் பிரகாசமாகும்னு நெனப்பீங்க, ஆகாது. நட்சத்திரம் ஒரு பிக்சல் வரிசையில நிக்கறதே ஒரு செகண்ட் சொச்சம், அதுக்கு மேல திறந்து வெச்சா பட்டை தான் அகலமாகும். பிரகாசம் வேணும்னா ஐஎஸ்ஓ ஏத்தணும் இல்ல அபர்ச்சரைத் திறக்கணும். சிரியஸுக்கு ஐஎஸ்ஓ 100, 200லயே ஆரம்பிங்க, ஸ்பெக்ட்ரத்துல எந்த எடமும் வெள்ளையா வெடிச்சிருக்கக் கூடாது, ஹிஸ்டோகிராம்ல சிவப்பு, பச்சை, நீலம் மூணையும் தனித்தனியா பாருங்க. நட்சத்திரத்தோட புள்ளி மட்டும் வெடிச்சா பரவால்ல. ரெண்டாம் அளவு நட்சத்திரத்துக்குப் (அளவு எண் கூடக் கூட மங்கல்) போனா ஐஎஸ்ஓ 1600 வரைக்கும் ஏத்தி பத்துப் பதினஞ்சு படம் எடுத்துச் சேக்கணும், அதுக்கும் மங்கலா வேணும்னா ட்ராக்கிங் மவுன்ட் தான் வழி.

ஃபோகஸ் விஷயத்துல எல்லாரும் நட்சத்திரத்தைப் பாத்து ஃபோகஸ் பண்ணிட்டு விட்டுடுவாங்க. நம்ம செட்டப்ல ஸ்லிட் (ஒளி உள்ள வர்ற ஒல்லியான பிளவு) கெடையாது, நட்சத்திரத்தோட புள்ளியே தான் ஸ்லிட், அது எவ்ளோ தடியோ கோடும் அவ்ளோ மங்கலா வரும். புள்ளியில ஆரம்பிச்சு, லைவ் வியூல பத்து மடங்கு பெருசாக்கி வெச்சுட்டு, அப்புறம் வானவில்லோட நீலப் பக்கத்துக்குப் போய், கோடு எங்க கூர்மையா தெரியுதோ அங்க நிறுத்துங்க. ஃபோகஸ் ரிங்குக்கும் டேப். ஆட்டோ ஃபோகஸ், லென்ஸ் ஸ்டெபிலைசேஷன் ரெண்டையும் ஆஃப் பண்ணிடுங்க.

ரா ஃபார்மட்ல மட்டும் எடுங்க. ஜேபெக்ல கேமராவே வெளிச்சத்தை வளைச்சு நெளிச்சு அழகாக்கி வெச்சிருக்கும், நமக்கு அழகு வேண்டாம், எண்ணிக்கை தான் வேணும். கடைசியா லென்ஸ் மூடியைப் போட்டு அதே ஐஎஸ்ஓ, அதே எக்ஸ்போஷர் நேரத்துல ஒரு பத்து டார்க் ஃப்ரேம், கேமராவோட இரைச்சலைப் பின்னாடி கழிக்கறதுக்கு.

கம்ப்யூட்டர்ல

ரா ஃபைலை 16 பிட் லீனியர் படமா மாத்தணும், சிரில் இலவசமா பண்ணும். அதுக்கப்புறம் ஸ்பெக்ட்ரத்துக்குன்னே இருக்கற சாஃப்ட்வேர்: பாஸ் ப்ராஜெக்ட் இலவசம், ஃப்ரெஞ்சு அமெச்சூர் கிறிஸ்தியான் பூயில் எழுதின ஐசிஸ் இலவசம், வாலெரி தெனூ எழுதின விஷுவல் ஸ்பெக் இலவசம். ஆர்ஸ்பெக்னு ஒண்ணு காசு குடுத்து வாங்கணும், பழகறதுக்கு அது தான் ரொம்ப ஈஸி. நான் பாஸ்லயே இருந்துடுங்கன்னு சொல்வேன், மொதல் வாரம் மெனு எல்லாம் குழப்பும், அதுக்கப்புறம் கை போயிடும்.

எந்த சாஃப்ட்வேரா இருந்தாலும் வேலை ஒண்ணு தான். பட்டை படுக்கை வசமா நேரா நிக்கற மாதிரி சுத்துங்க, நட்சத்திரம் எடது பக்கம், சிவப்பு வலது பக்கம். பட்டையை மட்டும் ஒரு பெட்டிக்குள்ள புடிங்க, மேலயும் கீழயும் வெறும் வானத்தைக் காட்டி கழிக்கச் சொல்லுங்க, நகர வெளிச்சம் அதுல போயிடும். நெடுக்க இருக்கற பிக்சல் எல்லாத்தையும் கூட்டினா ஒரு வரைபடம் வரும், மேடு பள்ளமா. படத்துல கருப்புக் கோடா இருந்தது இப்போ பள்ளம்.

அலைநீளம் போடறதுக்கு ரெண்டு புள்ளி போதும்: நட்சத்திரத்தோட புள்ளி பூஜ்யம், ஹெச்-பீட்டா பள்ளம் 486.1. சாஃப்ட்வேர் நேர்கோடு போட்டுடும். போட்டதும் ஹெச்-காமா பள்ளம் 434 கிட்ட இருக்கான்னு பாருங்க, ஒண்ணு ரெண்டு நானோமீட்டர் தள்ளி இருந்தா பரவால்ல, பத்து தள்ளி இருந்தா நீங்க வேற எதையோ ஹெச்-பீட்டான்னு புடிச்சிருக்கீங்க. பாக்கெட்ல இருக்கற பேப்பரை எடுங்க, 565வது பிக்சல் பக்கம் இருக்கறது தான் அது. ஒரு தடவை வந்த பிக்சல் கணக்கு, லென்ஸும் கிரேட்டிங்கும் மாறாத வரைக்கும் அந்த ராத்திரி எடுக்கற எல்லா நட்சத்திரத்துக்கும் பொருந்தும். அதனால தான் டேப்.

புதுசா வர்றவங்க ரொம்ப ஏமாறற எடம் ஒண்ணு இருக்கு. கலர் கேமராவுல நீல பிக்சலோட உணர்வு முடிஞ்சு பச்சை ஆரம்பிக்கற எடம் 500 பக்கம், பச்சை முடிஞ்சு சிவப்பு ஆரம்பிக்கறது 580, 600 பக்கம். அந்த ரெண்டு எடத்துலயும் வரைபடம் தொங்கும், எந்த நட்சத்திரத்தை எடுத்தாலும் தொங்கும். அதைப் பாத்துட்டு சோடியம் கெடச்சிருச்சுன்னு குதிக்கறவங்க உண்டு. ரெண்டு வேற வேற வகை நட்சத்திரத்துல ஒரே எடத்துல ஒரே மாதிரி பள்ளம் இருந்தா மொதல்ல கேமராவைச் சந்தேகப்படுங்க. அடுத்த சந்தேகம் நம்ம காத்து மண்டலம், 687லயும் 760லயும் ஆக்சிஜன் பள்ளம் போடும், அது நட்சத்திரத்தோடது இல்ல, நம்ம மூச்சு விடற ஆக்சிஜன். மாத்தாத டிஎஸ்எல்ஆர்ல சென்சார் முன்னாடி இருக்கற ஃபில்டர் 700க்கு மேல வெட்டிடும், ஹெச்-ஆல்ஃபாவையே நல்லா குறைச்சிடும், அதனால 760 உங்களுக்குத் தெரியாம இருக்கலாம்.

கேமராவோட இந்த ஏத்த இறக்கத்தைச் சரி பண்ற வழி தான் ரெஸ்பான்ஸ் கரெக்ஷன். வேகா மாதிரி ஏ0 நட்சத்திரத்தோட உண்மையான வரைபடம் எப்படி இருக்கும்னு பிக்கில்ஸ்ங்கறவர் 1998ல வெளியிட்ட தொகுப்புல இருக்கு, 131 ஸ்பெக்ட்ரம், பாஸ்லயும் கெடைக்கும். நீங்க எடுத்ததை அதால வகுத்து, கோடுகள் இருக்கற எடத்தை விட்டுட்டு மிச்சத்தை வழுவழுன்னு ஆக்கினா வர்ற வளைவு உங்க கேமராவோட குணம். இனிமே எடுக்கற எதையும் அதால வகுங்க. சிரியஸ் ஏ1, அதுக்கும் ஏ0 வரைபடமே இந்த லெவலுக்கு ஒத்து வரும். ஒண்ணு, ரெஃபரன்ஸ் நட்சத்திரமும் நீங்க அளக்கற நட்சத்திரமும் ஏறக்குறைய ஒரே உயரத்துல இருக்கணும், அடிவானத்துக்குக் கிட்ட போக போக காத்து நீலத்தைத் தின்னுடும். இந்த வேலை பண்ணாம வளைவோட உச்சி எங்க இருக்குன்னு பாத்து வெப்பநிலை சொல்லாதீங்க, நீங்க சொல்றது கேமராவோட வெப்பநிலையா தான் இருக்கும்.

இப்போ நட்சத்திரங்களை வரிசையா போடுங்க

வெப்பம் அதிகத்துல இருந்து கம்மிக்கு ஓ, பி, ஏ, எஃப், ஜி, கே, எம். ஹார்வர்ட்ல ஆனி ஜம்ப் கேனன் இந்த வரிசையை நிலைநிறுத்தினாங்க. நம்ம மாடியில இருந்து வரிசை இப்படிப் போகலாம்: சித்திரை நட்சத்திரம், அதாவது ஸ்பைகா, பி1. ரைஜல் பி8. சிரியஸ் ஏ1. ப்ரோசியான் எஃப்5. சுவாதி கே1 பக்கம், ரோகிணி கே5, திருவாதிரையும் கேட்டையும் எம். பஞ்சாங்கத்துல இருக்கற பேரு எல்லாம் ஸ்பெக்ட்ரத்துல இவ்ளோ தூரம் தூரமா நிக்கறதைப் பாக்கறதே ஒரு சுவாரசியம். பிப்ரவரி, மார்ச்ல சாயங்காலம் ஆரம்பிச்சு நடுராத்திரி வரைக்கும் உக்காந்தா கேட்டையைத் தவிர மிச்சம் எல்லாத்தையும் ஒரே ராத்திரியில எடுத்துடலாம்.

எல்லாத்தையும் ஒண்ணுக்குக் கீழ ஒண்ணா அடுக்கிப் பாருங்க. ஹைட்ரஜன் கோடு சித்திரையில ஒல்லியா இருக்கும், சிரியஸ்ல நல்லா ஆழமா, ப்ரோசியான்ல மறுபடி குறைஞ்சு, ரோகிணியில தேடினாலும் கெடைக்காது. அப்போ ரோகிணியில ஹைட்ரஜன் இல்லையா? எல்லாரும் கேக்கற கேள்வி இது தான், நூறு வருஷம் முன்னாடி பெரிய பெரிய விஞ்ஞானிகளும் இங்க தான் தடுக்கினாங்க.

நம்ம பாக்கற ஹெச்-ஆல்ஃபா, பீட்டா எல்லாம் ஹைட்ரஜன் எலக்ட்ரான் ரெண்டாவது படியில இருந்து மேல ஏறும்போது வர்ற கோடு. அதுக்கு எலக்ட்ரான் மொதல்ல ரெண்டாவது படியில இருக்கணும், அங்க ஏத்த 10.2 எலக்ட்ரான் வோல்ட் வேணும், ரொம்ப அதிகம். சூரியனோட மேற்பரப்பு 5772 கெல்வின், அந்தச் சூட்டுல நூறு கோடி ஹைட்ரஜன் அணுவை எடுத்தா சுமார் அஞ்சு அணு தான் ரெண்டாவது படியில இருக்கும். வேகா சூட்டுல, 9600 கெல்வின் பக்கம், அது மூவாயிரம் மடங்குக்கு மேல கூடிடும். சித்திரை மாதிரி இன்னும் சூடா போனா எலக்ட்ரானே பிச்சுக்கிட்டுப் போயிடும், கோடு போட ஆளே இருக்காது. அதனால கோடு ஆழமா இருக்குன்னா அந்தப் பொருள் நிறைய இருக்குன்னு அர்த்தம் இல்ல, அந்தக் கோட்டுக்கு ஏத்த சூடு இருக்குன்னு அர்த்தம். சூரியன்ல ஊதா ஓரத்துல 393.4லயும் 396.8லயும் கால்சியம் கோடு அவ்ளோ கருப்பா இருக்கும், ஆனா அங்க பத்து லட்சம் ஹைட்ரஜன் அணுவுக்கு ரெண்டு கால்சியம் அணு தான்.

எந்தச் சூட்டுல எத்தனை அணு எலக்ட்ரானை இழக்கும்ங்கற கணக்கை 1920ல இந்திய இயற்பியலாளர் மேக்நாத் சாஹா குடுத்தார். அதை வெச்சு ஹார்வர்ட்ல செசிலியா பெய்ன் 1925ல நட்சத்திரம் எல்லாம் பெரும்பாலும் ஹைட்ரஜனும் ஹீலியமும் தான்னு கண்டுபுடிச்சாங்க, அந்தக் காலத்துப் பெரிய வானியலாளர் ஹென்றி நோரிஸ் ரஸ்ஸல் அப்படி இருக்கவே முடியாதுன்னு சொன்னதால ஆய்வேட்டுல அந்த முடிவையே நம்ப முடியாததுன்னு அடக்கி எழுத வேண்டியதாச்சு. நாலு வருஷம் கழிச்சு ரஸ்ஸலே வேற வழியில அதே எடத்துக்கு வந்து சேர்ந்தார். உங்க மாடிப் படங்களை அடுக்கி வெச்சா, அந்தச் சண்டைக்குக் காரணமான விஷயம் அப்படியே தெரியும்.

திருவாதிரைக்கு வருவோம். அங்க டைட்டானியம் ஆக்சைடு. 3600 கெல்வின் பக்கம் குளிர்ச்சி இருந்தா தான் ரெண்டு அணு சேர்ந்து மூலக்கூறா ஒட்டி நிக்க முடியும். 517, 545, 616, 705 பக்கம் பள்ளம் ஆரம்பிக்கும், நீலப் பக்கம் செங்குத்தா விழுந்து சிவப்புப் பக்கம் மெதுவா ஏறும், வரைபடம் ரம்பப் பல்லு மாதிரியே இருக்கும். இந்தப் பல்லோட ஆழம் தான் வெப்பமானி. 2019 கடைசியில திருவாதிரை மங்கி 2020 பிப்ரவரியில 1.6 அளவு வரைக்கும் போனப்போ வெடிக்கப் போகுதுன்னு ஊரெல்லாம் பேச்சு. எமிலி லெவெக், ஃபிலிப் மாசி ரெண்டு பேரும் அப்போ ஸ்பெக்ட்ரம் எடுத்து இந்த டைட்டானியம் ஆக்சைடு பட்டைகளை அளந்தாங்க. 3600 கெல்வின் வந்துச்சு, 2004ல அளந்தது 3650. வெறும் 50 டிகிரி குறைஞ்சு இவ்ளோ மங்காது, அதனால நடுவுல தூசி மறைச்சிருக்கணும்னு சொன்னாங்க. நம்ம கிரேட்டிங்ல அந்த 50 டிகிரியைப் புடிக்க முடியாது, ஆனா பட்டைகள் தெளிவா தெரியும், எம்1க்கும் அதைவிடக் குளிர்ந்த எம் வகைக்கும் வித்தியாசம் தெரியும்.

கருப்புக் கோடு பாத்துப் பழகினதுக்கு அப்புறம் காமா வெலோரம் போங்க. இது நமக்குக் கெடச்ச யோகம், ஐரோப்பாவுல பெரும்பாலான எடத்துல இருந்து இது தெரியவே தெரியாது, நமக்கு மார்ச் மாச சாயங்காலம் தெற்கே முப்பது டிகிரி உயரத்துல வரும். அகத்தியர்னு சொல்ற கனோபஸ்ல இருந்து கிழக்கே, கொஞ்சம் வடக்கா. அளவு 1.8 சுமார், வெறும் கண்ணுக்கே நல்லா தெரியும். வானத்துலயே பிரகாசமான வோல்ஃப்-ராயே நட்சத்திரம் இது, வெளி அடுக்கை எல்லாம் பலமான காத்தா ஊதித் தள்ளிக்கிட்டு இருக்கு, அதனால கோடு எல்லாம் கருப்புக்குப் பதிலா ஒளியா மேல எழும்பி நிக்கும். 465 பக்கம் கார்பனும் ஹீலியமும் கலந்து ஒரு பெரிய மேடு, 570ல ஒண்ணு, 581ல ஒண்ணு, ரெண்டும் கார்பன். அகலமான கோடு, அதனால நம்ம சின்ன கிரேட்டிங்லயே சும்மா கும்முனு தெரியும். மொதல் சீசன்லயே இதை எடுக்காம விடாதீங்க.

எது முடியாது

டாப்ளர் வேகம், அதாவது கோடு தள்ளிப் போறதை வெச்சு நட்சத்திரம் நம்மள நோக்கி வர்ற இல்ல விலகற வேகம், அளக்கலாமான்னு கேப்பீங்க. ஒரு நட்சத்திரம் செகண்டுக்கு 20 கிலோமீட்டர் வேகத்துல நகர்ந்தா ஹெச்-ஆல்ஃபா 0.04 நானோமீட்டர் தான் தள்ளும், நம்ம ஒரு பிக்சலே 0.86. முடியாது. ஆனா அதே ஸ்டார் அனலைசரை டெலஸ்கோப்ல மாட்டி 3சி 273ங்கற குவேசாரோட (ரொம்பத் தூரத்துல இருக்கற பிரகாசமான கேலக்ஸி மையம்) சிவப்பு நகர்வை அமெச்சூர்கள் அளந்திருக்காங்க, 1963ல மார்ட்டன் ஷ்மிட் புரிஞ்சுக்கிட்ட அதே விஷயம், அங்க ஹெச்-பீட்டா 486ல இருந்து 563க்குப் போயிருக்கு, அதைப் புடிக்க பெரிய கருவி வேண்டாம்.

கொடைக்கானல்ல 1909ல எவர்ஷெட் சூரியக் கரும்புள்ளியில வாயு வெளிப்பக்கமா ஓடறதைக் கண்டுபுடிச்சது, காவலூர் அப்சர்வேட்டரியை உருவாக்கின வைணு பாப்பு 1957ல வில்சனோட சேர்ந்து கால்சியம் கோட்டுக்குள்ள இருக்கற குட்டி ஒளிக்கோட்டோட அகலத்தை வெச்சே நட்சத்திரத்தோட உண்மைப் பிரகாசத்தைச் சொன்னது, இதெல்லாம் நுணுக்கமான ஸ்பெக்ட்ரம் வேணும்ங்கற ரகம். அதுக்கு ஸ்லிட் வெச்ச ஸ்பெக்ட்ரோகிராஃப் வேணும். கடையில ஆல்பி 600 மாதிரி ரெடிமேடா கெடைக்கும், விலை அதிகம். 3டி பிரின்டர் பக்கத்துல இருந்தா பூயிலோட சோலெக்ஸ் பாருங்க, வரைபடம் எல்லாம் இலவசம், கண்ணாடிச் சாமான் மட்டும் வாங்கணும், அதை வெச்சு பகல்ல சூரியனையும் படம் எடுக்கலாம், அதையே நட்சத்திரத்துக்கு மாத்தினது ஸ்டாரெக்ஸ்.

கருவிக்குக் காசு போடறதுக்கு முன்னாடி காமா காசியோபியாவை ஒரு தடவை முயற்சி பண்ணுங்க. 1866ல ஆஞ்செலோ செக்கி மொதல் மொதலா ஹைட்ரஜன் ஒளிக்கோடு பாத்த நட்சத்திரம், ஜனவரி முன்னிரவுல வடமேற்கே இருக்கும். ஹெச்-ஆல்ஃபாவுல ஒரு மேடு வரணும். மாத்தாத டிஎஸ்எல்ஆர்ல அது பலவீனமா தான் வரும், ஃபில்டர் எடுத்த கேமரா இல்ல மோனோ கேமரா யாராவது நண்பர்கிட்ட இருந்தா கேட்டு வாங்கி அதுல எடுங்க. இந்த மாதிரி ஹைட்ரஜன் ஒளிக்கோடு காட்டற பி வகை, அதாவது பிஇ நட்சத்திரங்களுக்குன்னே பாரிஸ் அப்சர்வேட்டரி பெஸ்னு ஒரு டேட்டாபேஸ் வெச்சிருக்கு, ஸ்லிட் கருவிக்கு மாறினதும் உங்க ஸ்பெக்ட்ரமும் அங்க போகலாம். அதுவரைக்கும் ஒவ்வொரு ஃபைல் பேர்லயும் நட்சத்திரம், தேதி, யுடி நேரம் (உலகப் பொது நேரம்), லென்ஸ், ஐஎஸ்ஓ எழுதி வெச்சுக்குங்க, ரா ஃபைலை அழிக்காதீங்க. இன்னும் நல்லா ப்ராசஸ் பண்ணத் தெரிஞ்சதும் அதே ஃபைலைத் திரும்பத் திறப்பீங்க.